குறுகிய வழியும் குறுக்கு வழியும்

முதுமை நரையினாலும் திரையினாலும் அறியப்படுவது என்பர். வடமராட்சிக் கிராமமொன்றில் வாழும் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவருக்கோ அது ஒரு மதகினால் அறியப்பட்டது. அவரது வீட்டிலிருந்து வாசிகசாலைக்குச் செல்லும் வீதியில், வெள்ளவாய்க்காலின் மேல் அம்மதகு அமைந்துள்ளது. காலைதோறும் வாசிகசாலைக்கு நடந்துசென்று புதினப்பத்திரிகை படிப்பதைப் பல்லாண்டுகளாக வழக்கமாகக் கொண்டிருந்த அவர், தமது 72ஆவது வயதில் முதன்முறையாக அம்மதகில் அமர்ந்தார். களைப்பு என்றே அன்று எண்ணினார். அடுத்த வாரமும் அமர்ந்தார். பின்னர் அங்கு அமராது வாசிகசாலையை அடைய அவரால் இயலவில்லை.

அவருக்கு முதலில் வந்தது நோவன்று, ஒருவகைக் கனம். இரு கால்களிலும் ஈயம் வார்த்தாற்போன்ற கனம். சில மாதங்களில் அது பிட்டத்திலிருந்து தொடை வழியாகக் கெண்டைக்கால் வரை இறங்கும் எரிவாக மாறிற்று. உள்ளங்கால்கள் விறைத்தன. நின்று பார்த்தால் நோவு குறையவில்லை. மதகில் அமர்ந்து, முழங்கால்களின்மீது கைகளை ஊன்றி முன்னே குனிந்தால் மாத்திரம் சில நிமிடங்களில் அது மறைந்துவிடும். கணித ஆசிரியராக விளங்கிய அவர் இதனையும் எண்ணிக்கையாலேயே அளந்துவந்தார். வீட்டுக்கும் வாசிகசாலைக்கும் இடையே 14 மின்கம்பங்கள் உள்ளன. அவற்றுள் ஒன்பதை ஒரே மூச்சிற் கடந்தவர் ஆறு என்றானார்; பின்னர் நான்கு என்றானார். ஆறாவது கம்பத்தின் அருகிலுள்ள மதகும் அப்போது எட்டாத தூரமாயிற்று.

ஊரார் இதனை வேறு விதமாக விளங்கிக்கொண்டனர். "மாஸ்ரர் இப்ப மதகிலை இருந்துதான் படிப்பிக்கிறார்" என்று இளைஞர் நகையாடினர். அவர்களைக் குறைகூற முடியாது. ஏனெனில், நான்கு மின்கம்பங்களுக்கு அப்பால் நடக்க இயலாத அதே மனிதர் தமது பழைய துவிச்சக்கரவண்டியில் ஏறிப் பருத்தித்துறைச் சந்தைக்குச் சென்று, மரக்கறிப் பையுடன் எவ்வித நோவுமின்றித் திரும்பினார். மகளுக்கும் ஐயம் எழுந்தது. "அப்பா, சந்தைக்குச் சைக்கிள் ஓட ஏலும், வாசிகசாலைக்கு நடக்க மட்டும் ஏலாதோ?" என்று ஒருநாள் கேட்டுவிட்டாள். அவர் மறுமொழி கூறவில்லை. தமது நோய் மெய்யானதுதானா, மனத்தின் சோம்பல்தானா என்ற ஐயம் அவருக்கே தோன்றியிருந்த காலம் அது. நோவினும் கொடியது நோவை நம்பாமை. அதிலும் தன் நோவைத் தானே நம்பாமை மிகக் கொடியது.

அரசினர் வைத்தியசாலையின் வெளிநோயாளர் பிரிவில், நீண்ட வரிசையின் முடிவில், இளம் வைத்தியர் ஒருவர் அவரது பாதங்களின் நாடித்துடிப்பைத் தொட்டுப் பார்த்தார். அது நன்றாக இருந்தது. பின்னர், "ஐயா, சைக்கிள் ஓடுறனீங்களோ?" என்று கேட்டார். குற்றமொன்றை ஒப்புக்கொள்பவர்போல ஆசிரியர் தலையசைத்தார். வைத்தியரின் முகத்தில் ஐயம் தோன்றவில்லை, தெளிவே தோன்றிற்று. மகள் குறையாகக் கருதிய துவிச்சக்கரவண்டியே நோய்க்குச் சான்றாக அமைந்தது. கால்களுக்குச் செல்லும் குருதிக்குழாய் அடைபட்டவருக்கு நடந்தாலும் வண்டி மிதித்தாலும் நோவு வரும், நின்றால் தீரும். நாரியில் நரம்பு நெருக்கப்பட்டவருக்கோ நிமிர்ந்தால் நோவு வரும், குனிந்தால் தீரும். வண்டியோட்டுபவர் குனிந்தே இருக்கிறார். இவ்வேறுபாட்டை அடிப்படையாகக் கொண்ட 'துவிச்சக்கரவண்டிச் சோதனை', வான் கெல்டெரன் என்பாரின் பெயரால், 1977ஆம் ஆண்டில் டைக், டொயில் என்னும் இருவரால் மருத்துவ உலகின் கவனத்துக்குக் கொண்டுவரப்பட்டது.

இந்நோயின் இயல்பை விளங்கிக்கொள்ள முள்ளந்தண்டின் அமைப்பைச் சிறிது நோக்குதல் வேண்டும். நாரிப்பகுதியில் ஐந்து முள்ளென்புகள் உள்ளன. ஒவ்வொன்றும் முன்புறம் திரண்ட உடலாகவும் பின்புறம் வளையமாகவும் அமைந்தது. இவ்வளையங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்படுவதால் உண்டாகும் வழியே முள்ளந்தண்டுக் கால்வாய் எனப்படும். முண்ணாண் முதலாம், இரண்டாம் நாரிமுள்ளென்புகளின் மட்டத்திலேயே முடிந்துவிடுகின்றது. அதற்குக் கீழே கால்களுக்கும் சலப்பைக்கும் மலவாயிற்கும் செல்லும் நரம்புகள் கற்றையாகத் தொங்குகின்றன. உடலமைப்பு நூலார் அதனைக் குதிரைவால் என அழைப்பர். வயது ஏற ஏற, முள்ளென்புகளிடையேயுள்ள தட்டு நீர்வற்றிப் பிதுங்குகின்றது. பின்புற மூட்டுக்கள் தடிக்கின்றன. வளையங்களைப் பிணைக்கும் மஞ்சள்நிறப் பிணைநார் பருக்கின்றது. இவ்வாறு முன்னும் பின்னும் பக்கமும் நெருங்க, வழி குறுகுகின்றது. நிமிரும்போது பிணைநார் மடிந்து உள்ளே தள்ளுவதால் வழி மேலும் ஒடுங்கும். குனியும்போது அது இழுபட்டு விரிவதால் வழி சற்றே திறக்கும். மதகில் ஆசிரியர் அறியாமலே செய்துகொண்ட சிகிச்சை இதுவே.

இக்குறுக்கத்தை ஒரு தனி நோயாக நிலைநாட்டியவர் ஒல்லாந்து நாட்டின் உட்ரெக்ட் நகர நரம்புச் சத்திரசிகிச்சை நிபுணரான ஹென்க் வெர்பீஸ்ட் ஆவர். 1954ஆம் ஆண்டில் அவர் வெளியிட்ட ஆங்கிலக் கட்டுரை இத்துறையின் தொடக்கநூல் எனத் தக்கது. கால்வாயின் முன்பின் அகலம் 10 மில்லிமீற்றருக்குக் குறையுமாயின் அது முற்றான குறுக்கம் என அவர் வகுத்தார். எனினும் அளவு மட்டுமே நோயாகாது. நாரிநோவோ கால்நோவோ இல்லாத 67 பேரைக் காந்தப் பரிவுப் படம் எடுத்து ஆராய்ந்த அமெரிக்க ஆய்வொன்று 1990இல் வெளிவந்தது. அவர்களுள் 60 வயதைக் கடந்தோரில் ஐந்திலொருவருக்குக் கால்வாய்க் குறுக்கம் காணப்பட்டது. படத்திற் குறுகியிருப்பவரெல்லாம் நோயாளரல்லர். எத்தனை மின்கம்பங்களைக் கடக்கிறார் என்ற கணக்கே படத்துக்குப் பொருள் தருகின்றது.

ஆசிரியரின் படத்தில் நான்காம், ஐந்தாம் நாரிமுள்ளென்புகளிடையே வழி மிக ஒடுங்கியிருந்தது. நான்காவது முள்ளென்பு சற்றே முன்னோக்கி நழுவியுமிருந்தது. இதன்பின் அவரது மேசையில் மூன்று ஆலோசனைகள் வந்து சேர்ந்தன. கொழும்பிலுள்ள மகன் அழைத்துச் சென்று காட்டிய தனியார் வைத்தியசாலையொன்றில், கூரையை அகற்றித் திருகாணிகளாலும் கம்பிகளாலும் என்புகளைப் பிணைக்கவேண்டும் என்றனர். அவர்கள் கூறிய தொகைக்குப் பனங்காணியை விற்கவேண்டும். மகன் அதற்கும் ஆயத்தமாயிருந்தான். வெளிநாட்டிலுள்ள மருமகனிடமிருந்து வழவழப்பான துண்டுப்பிரசுரமொன்று வந்தது. பெரிய வெட்டில்லை, தழும்பில்லை, மறுநாளே வீடு என்பது அதன் சாரம். மூன்றாவது, உள்ளூர் அரசினர் வைத்தியசாலையின் சத்திரசிகிச்சை நிபுணர் கூறியது. சில மாதங்கள் பயிற்சி செய்து பார்ப்போம், குணமில்லையேல் நெருக்கும் பகுதியை மட்டும் அகற்றுவோம் என்பதே அது. இம்மூன்றனுள் எது பெரிது, எது சிறிது, எது போதுமானது என்பதே வினாவாயிற்று.

முதலாவது ஆலோசனையின் வேர் பழையது. 1887ஆம் ஆண்டில் இலண்டனில் விக்டர் ஹோர்ஸ்லி முள்ளென்பு வளையங்களின் கூரையை அகற்றி, முண்ணாணை அழுத்திய கட்டியொன்றை வெளியே எடுத்தார். முள்ளந்தண்டைத் திறத்தல் இயலும் என்பதை உலகுக்குக் காட்டிய செயல் அது. கால்வாய்க் குறுக்கத்துக்கும் கூரையை அகற்றுவதே நெடுங்காலம் முறையாக இருந்தது. முதுகின் நடுவே நீளமாக வெட்டி, இருபுறத் தசைகளையும் என்பிலிருந்து உரித்து விலக்கி, முதுகில் தடவும்போது தட்டுப்படும் முள்ளையும் அதன் அடியிலுள்ள கூரையையும் எடுத்துவிடுவர். நரம்பு விடுதலை பெறும். ஆயின் தசை மெலியும். சிலருக்குத் தாங்குவதற்கு ஏதுமின்றி முள்ளென்பு நழுவும். நழுவலைத் தடுக்கத் திருகாணிகள் வந்தன. பின்னர், நழுவாதவர்க்கும் அவை பூட்டப்படலாயின. ஐக்கிய அமெரிக்காவில் முதியோருக்கு இந்நோய்க்காகச் செய்யப்பட்ட சிக்கலான பிணைப்புச் சத்திரசிகிச்சைகள் 2002க்கும் 2007க்கும் இடையே ஏறத்தாழ 15 மடங்காகப் பெருகியதை 2010இல் வெளியான ஆய்வு காட்டிற்று. நெருக்கம் நீக்கல் மட்டும் பெற்றவருள் நூற்றுக்கு 2.3 பேருக்கு உயிராபத்தான விளைவுகள் நேர்ந்தன. சிக்கலான பிணைப்புப் பெற்றவருள் 5.6 பேருக்கு நேர்ந்தன.

பிணைப்பினால் நன்மை மிகுந்ததா? சுவீடனில் 247 நோயாளரைக் குலுக்கலால் இரு குழுவாகப் பிரித்து ஆராய்ந்தனர். 2016இல் வெளியான முடிவின்படி, பிணைப்பையும் சேர்த்துப் பெற்றவர் இரண்டு ஆண்டுகளின் பின்னரும் ஐந்து ஆண்டுகளின் பின்னரும் மற்றவரைவிடச் சிறப்பாக இருக்கவில்லை. அதே ஆண்டில் அமெரிக்காவில் 66 பேரைக் கொண்ட சிற்றாய்வொன்று பிணைப்புக்குச் சிறிது சாதகமான முடிவைத் தந்தது. ஆசிரியரைப் போன்று முள்ளென்பு நழுவிய 267 பேரை ஆராய்ந்த நோர்வே ஆய்வோ, நெருக்கம் நீக்கல் மட்டுமே பிணைப்புக்குத் தாழ்ந்ததன்று என 2021இல் அறிவித்தது. சிலருக்குத் திருகாணி வேண்டியிருக்கலாம். ஆயினும் எல்லோருக்கும் அது வேண்டும் எனக் கொள்ள இவ்வாய்வுகள் இடந்தரவில்லை.

இனித் துண்டுப்பிரசுரம். முன்னே குனிந்தால் வழி திறக்கிறது; எனவே இரு முட்களிடையே ஆப்புப்போன்ற உலோகத் துண்டொன்றைச் செருகி அவ்விடத்தை நிரந்தரமாகக் குனிந்த நிலையில் வைத்தால் என்ன என்று சிலர் எண்ணினர். மிக அழகான எண்ணம் அது. கால்வாயைத் திறக்கவேண்டியதில்லை, நரம்புக்கு அருகே போகவேண்டியதில்லை. எக்ஸ்-ஸ்ரொப் எனப்பட்ட அத்தகைய கருவியொன்று 2005இல் அமெரிக்காவில் அங்கீகாரம் பெற்றது. சுவீடனில் 100 பேரிடம் அதனை நெருக்கம் நீக்கலுடன் ஒப்பிட்டனர். நோவு தணிந்த அளவு இரு பகுதியாருக்கும் ஒத்திருந்தது. ஆனால் 2013இல் வெளியான அவ்வாய்வின்படி, ஈராண்டுகளுள் மீண்டும் சத்திரசிகிச்சை வேண்டியிருந்தோர் நெருக்கம் நீக்கப்பட்ட 50 பேரில் மூவர். கருவி பொருத்தப்பட்ட 50 பேரில் 13 பேர். அதே ஆண்டில் வெளியான ஒல்லாந்து ஆய்வொன்றும் இத்தகைய கருவியைப் பற்றி இதனையே கூறிற்று. முள்ளந்தண்டினுள் இடப்படும் ஊசிமருந்தும் எளிய வழியாகக் கருதப்பட்டதே. 2014இல் வெளியான, 400 நோயாளரைக் கொண்ட அமெரிக்க ஆய்வில், விறைப்பு மருந்துடன் ஸ்டீரொயிட்டையும் கலந்து ஏற்றியவருக்கும் விறைப்பு மருந்தை மட்டும் ஏற்றியவருக்கும் ஆறாவது வாரத்திற் குறிப்பிடத்தக்க வேறுபாடு காணப்படவில்லை. குறுகிய வழிக்குக் குறுக்கு வழி தேடியோர் பெரும்பாலும் சுற்றிவந்து புறப்பட்ட இடத்துக்கே மீண்டனர்.

எனினும் சிறிய முறைகள் யாவும் இத்தகையன அல்ல. 1977ஆம் ஆண்டில் யசார்கிலும் கஸ்பாரும் நுணுக்குக்காட்டியின் துணையுடன் சிறு வெட்டினூடாக இடைத்தட்டுச் சத்திரசிகிச்சை செய்யும் முறையை வெளியிட்டனர். 1997இல் போலி, சிமித் என்போர் ஒன்றைவிட ஒன்று சற்றுப் பருத்த குழாய்களை அடுத்தடுத்துச் செலுத்தி, தசைநார்களை வெட்டாது விலக்கி, அவ்வழியே உள்நோக்கும் கருவியைச் செலுத்தும் முறையை அறிமுகஞ் செய்தனர். இடைத்தட்டுக்கு எழுந்த இவ்வழிகள் நாளடைவிற் கால்வாய்க் குறுக்கத்துக்கும் பயன்பட்டன. ஒரு பக்கத்தால் நுழைந்து, முள்ளின் அடியாகச் சாய்ந்து, மறுபக்கத்தையும் துப்புரவாக்கலாம். இரு பக்கமும் சிறு சாளரம் திறக்கலாம். முள்ளை அடியில் அறுத்து விலக்கி, வேலை முடிந்தபின் அதன் இடத்தில் விட்டுவிடலாம். மூன்றிலும் தடித்த பிணைநாரும் என்பின் விளிம்பும் அகற்றப்படும்; நடுக்கூரையும் தசைகளும் இயன்றவரை காக்கப்படும்.

இம்மூன்றனுள் எது சிறந்தது? நோர்வேயின் 16 அரசினர் வைத்தியசாலைகளில் 437 நோயாளரிடம் இவ்வினா குலுக்கல் முறையால் ஆராயப்பட்டது. 2022இல் முடிவு வெளியாயிற்று: ஈராண்டுகளின் பின் மூன்றுக்குமிடையே குறிப்பிடத்தக்க வேறுபாடில்லை. அதற்கு முன்னர் 2015இல் வெளியான நோர்வேப் பதிவேட்டு ஆய்வொன்று, 885 பேரிடம், நுணுக்குக்காட்டி வழிச் சிறு முறையையும் கூரையை முழுதாக அகற்றும் பழைய முறையையும் ஒப்பிட்டது. ஓராண்டின் பின் நலம் இரண்டிலும் சமனாகவே இருந்தது. சிறு முறை பெற்றோர் வைத்தியசாலையில் தங்கிய நாட்கள் குறைவு. ஆகவே சிறுமையின் பெருமை இவ்வளவே: உடல் விரைவில் எழுகின்றது. நரம்புக்கு விடுதலை கிடைப்பதோ வெட்டின் நீளத்தாலன்று. நெருக்கியது அகன்றதா என்பதாலேயே. துண்டுப்பிரசுரம் தோலைப் பற்றிப் பேசிற்று. ஆய்வுகள் உள்ளே நிகழ்ந்ததைப் பற்றிப் பேசின.

கத்தியே வேண்டாத வழியும் உண்டு. 2015இல் வெளியான அமெரிக்க ஆய்வொன்றில், சத்திரசிகிச்சைக்கு உடன்பட்டிருந்த 169 பேர் குலுக்கலால் இரு பகுதியினராயினர். ஈராண்டு முடிவில் உடற்பயிற்சிச் சிகிச்சைக்கு ஒதுக்கப்பட்டோரும் சத்திரசிகிச்சைக்கு ஒதுக்கப்பட்டோரும் ஒத்த நிலையில் இருந்தனர். ஆயின் பயிற்சிக் குழுவினருள் பாதிக்கு மேற்பட்டோர் இடையிற் சத்திரசிகிச்சையை நாடிச் சென்றுவிட்டனர் என்பதையும் மறத்தலாகாது. பயிற்சி பலருக்குப் போதும், எல்லோருக்கும் போதாது. காத்திருக்கலாகாத நிலையும் ஒன்றுண்டு. சலமோ மலமோ கட்டுப்பாடின்றிப் போதல், சலம் கழிக்க இயலாமற்போதல், தொடையிடுக்கில் உணர்ச்சி அறுதல், கால் திடீரென வலுவிழத்தல் ஆகியன தோன்றின் அன்றைய தினமே வைத்தியசாலைக்குச் செல்லவேண்டும்.

ஆசிரியர் ஐந்து மாதங்கள் பயிற்சி செய்தார். நான்கு மின்கம்பங்கள் ஐந்தாயின. பின்னர் மீண்டும் மூன்றாயின. மகன் காணி உறுதியுடன் வந்திறங்கினான். தந்தைக்குப் பெரிய சிகிச்சை செய்விப்பதே பெரிய அன்பு என்று அவன் எண்ணியதிற் பிழையில்லை. ஆனால் ஆசிரியர் அவனையும் அழைத்துக்கொண்டு அரசினர் வைத்தியசாலைக்கே சென்றார். மகன் துண்டுப்பிரசுரத்தைக் காட்டி, எவ்வளவு பெரிய வெட்டு வெட்டுவீர்கள் என்று நிபுணரிடம் கேட்டான். அவர் பெருவிரலின் ஒரு கணுவை மடித்துக் காட்டி, "இவ்வளவு அல்லது இதிலும் கொஞ்சம் கூட. அதில்லைத் தம்பி விசயம். உள்ளுக்கு எதை எடுக்கிறம், எதைத் தொடாமல் விடுறம் எண்டதுதான்" என்றார். நாரிநோவு முழுதாக நீங்கும் என்று வாக்களிக்கவில்லை. நரம்பின் உறை கிழியக்கூடும், நாள் சென்று நெருக்கம் திரும்பவும்கூடும் என்பதையும் மறைக்கவில்லை. கால்நோவு குறைய நல்ல வாய்ப்புண்டு என்று மட்டும் கூறினார். நம்பிக்கை தர மறுத்த அவ்விடத்திலேதான் ஆசிரியருக்கு நம்பிக்கை பிறந்தது. காணி உறுதி பெட்டிக்குத் திரும்பிற்று.

முறை வருவதற்குச் சில மாதங்கள் சென்றன. அக்காலம் எளிதாகக் கழியவில்லை. இலவச மருத்துவத்துக்கு நோயாளர் பொறுமையால் விலை கொடுக்கின்றனர் என்பதும் உண்மையே. சத்திரசிகிச்சையின் மறுநாள் அவர் விறாந்தையில் நடந்தார். கால்களிலிருந்த ஈயம் இறங்கியிருந்தது. இடது உள்ளங்காலின் விறைப்பு மட்டும் போகவில்லை. நெடுநாள் நெருக்குண்ட நரம்பு முற்றாக மீள்வதில்லை என்றனர். குளிர்காலக் காலைகளில் நாரி இன்றும் பிடிக்கின்றது. ஆறு வாரங்களின் பின் ஒரு காலையில் மகள் சற்றுப் பின்னால் நடந்துவர, அவர் வாசிகசாலைக்குப் புறப்பட்டார். மதகைக் கடக்கும்போது அவர் திரும்பிப் பார்க்கவில்லை, மகள்தான் பார்த்தாள். 11ஆவது கம்பத்தில் நின்று, குனிந்து, மூச்செடுத்து மீண்டும் நடந்தார். பதினான்கையும் ஒரே மூச்சிற் கடக்க மேலும் ஒரு மாதமாயிற்று.

அயற்கிராமத்து முதியவர் ஒருவர் அண்மையிற் படத்தையும் எடுத்துக்கொண்டு அவரிடம் வந்திருந்தார். சின்ன ஓட்டையாலே செய்யலாமாமே, உண்மைதானோ என்பது அவரது கேள்வி. ஆசிரியர் படத்தைக் கையிலெடுத்து வெளிச்சத்திற் பிடிக்கவில்லை. "அதை உறைக்குள்ளை வையுங்கோ" என்றார். "முதலிலை சொல்லுங்கோ, எவ்வளவு தூரம் நடப்பியள்?"